இந்த வருஷ தலைக்கணக்கும் முந்தின வருஷ டீச்சரும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

அரசு உதவி பெறும் பள்ளிகள்ல உபரி ஆசிரியர் (புள்ளைங்க கணக்குக்கு மேல இருக்குற டீச்சருங்க) பிரச்சினை பத்தி நீங்க போட்ட செய்திய படிச்சேன். அரசுக்கு எவ்ளோ வீண் செலவுங்குறதுலயே மொத்தமும் போயிடுச்சு. நான் அப்படி ஒரு ஸ்கூல் ஆபீஸ்ல கிளார்க்கா இருந்து ரிட்டையர் ஆனவன், நியமன ஒப்புதல் கருத்துரு (நிர்வாகம் போட்ட டீச்சருக்கு அரசு சம்பளம் கிடைக்க டிபார்ட்மெண்ட்கிட்ட ஒப்புதல் கேக்குற ஃபைல்) எத்தனையோ நானே டைப் அடிச்சு டேக் கட்டி கொண்டு போய் குடுத்திருக்கேன், அதான் எழுதுறேன்.

வருஷா வருஷம் ஆகஸ்ட் 1-ம் தேதி ரோல்ல இருக்குற புள்ளைங்கள வெச்சுதான் பணியாளர் நிர்ணயம், அதாவது அந்த ஸ்கூலுக்கு எத்தன டீச்சர் போஸ்ட்டுங்குற கணக்கு. கல்வி உரிமைச் சட்டப்படி அஞ்சாவது வரைக்கும் 60 புள்ளைங்கன்னா 2 டீச்சர், 61 ஆனா 3. ஒரு குடும்பம் வீடு மாறி டி.சி. வாங்கிட்டுப் போனா ஒரு போஸ்ட்டே போயிடும்.

எங்க ஸ்கூல்ல ஒருத்தர் ரிட்டையர் ஆன இடத்துல புதுசா ஒரு டீச்சர போட்டோம், அப்போ நிர்ணயத்துல அந்த இடம் இருந்துச்சு. ஃபைல் போச்சு. ஒரு நகல்ல செயலர் கையெழுத்து இல்லன்னு திரும்பி வந்துச்சு, சரி பண்ணி அனுப்புனா பழைய டீச்சரோட பணிப்பதிவேடு ஜெராக்ஸ் தெளிவா இல்லன்னு மறுபடி வந்துச்சு, இதுக்குள்ள ரெண்டு ஆகஸ்ட் போய் புள்ளைங்களும் குறைஞ்சுட்டாங்க, அப்புறம் வந்த பதில் 'பணியிடம் உபரி, ஒப்புதல் வழங்க இயலாது'. அந்தம்மா அவ்ளோ நாளும் அட்டென்டன்ஸ்ல கடைசி வரில கையெழுத்து போட்டு சம்பளமே இல்லாம பாடம் எடுத்தாங்க.

அந்தம்மா கோர்ட்டுல ரிட் மனு போட்டாங்க. கோர்ட்டு இத்தன வாரத்துல பரிசீலிச்சு முடிவெடுங்கன்னு சொல்லும், ஆபீஸ்ல பரிசீலிச்சு அதே பதில கொஞ்சம் நீளமா அடிச்சு அனுப்புவாங்க. திரும்ப ரிட், ஜெயிச்சா டிபார்ட்மெண்ட் அப்பீல், அதுலயும் ஜெயிச்சா கோர்ட்டு அவமதிப்பு கேஸ் (கண்டெம்ட்) போட்டாத்தான் ஃபைல் நகரும்.

போஸ்ட்ட ஒழிக்க அரசுக்கு அதிகாரம் இல்லன்னு நான் சொல்லல. 1980-ல எம்.ஜி.ஆர். ஆட்சியில கர்ணம், முன்சீப்னு கிராம அதிகாரிங்க வேலையெல்லாம் ஒரே அவசரச் சட்டத்துல போச்சு, 1982-ல சுப்ரீம் கோர்ட்டும் அது செல்லும்னு சொல்லிடுச்சு. ஆனா ஒழிச்ச நாள் வரைக்கும் அவங்க பாத்தது வேலை இல்லன்னு யாரும் சொல்லலையே! இங்க என்னன்னா ரெண்டு வருஷம் கழிச்சு எடுத்த தலைக்கணக்க வெச்சு முன்னாடியே சேர்ந்தவங்க நியமனமே செல்லாதுங்குறாங்க, அந்த ரெண்டு வருஷம் ஃபைல் யாரு மேஜைல தூங்குச்சுன்னு மட்டும் யாரும் கேக்குறதில்ல.

டிபார்ட்மெண்ட் பக்கமும் நியாயம் இருக்கு. ஒரே நிர்வாகத்துக்கு நாலஞ்சு ஸ்கூல் இருக்கும், ஒண்ணுல டீச்சர் உபரியா கிளாஸ் இல்லாம இருப்பாங்க, இன்னொன்னுல அவசர அவசரமா புது ஆள போடுவாங்க (ஏன்னு உங்களுக்கே தெரியும்). அத ரிஜெக்ட் பண்ணட்டும், நான் கைதட்டுறேன். ஆனா அத மூணு மாசத்துக்குள்ள பண்ணணும்ல.

நியமனம் நடந்த தேதியில இடம் இருந்துச்சா, தகுதி இருந்துச்சா, இவ்ளோதான் பாக்கணும்னு தெளிவா ஒரு ஆர்டர் போட்டா பாதி கேஸ் கோர்ட்டு வாசலே மிதிக்காது. அப்புறம் புள்ளைங்க குறைஞ்சா மத்த டீச்சருங்கள மாதிரி பணிநிரவல்ல வேற ஸ்கூலுக்கு அனுப்பட்டும், போக மாட்டேன்னா சொல்லப் போறாங்க.

போன வாரம் அந்தம்மா போன் பண்ணாங்க, முதல் தடவ அனுப்புன கருத்துருவோட ஆபீஸ் காப்பிய வக்கீல் கேக்குறாராம். மூணாவது பீரோ, மேல் தட்டு, மஞ்ச அட்டைன்னு சொன்னேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பள்ளி கிளார்க் ஒருவர்