சாக்லேட் முக்கப் போகிற மகனுக்கு

அன்புள்ள தம்பி,

நீ அனுப்பிய போட்டோவைப் பார்த்தேன். நீ சாக்லேட்டில் முக்கிய பேரீச்சம்பழத்தின் மேல் திட்டுத் திட்டாக வெள்ளை படிந்திருக்கிறதே, அது பூஞ்சை இல்லை, தூக்கிப் போட்டுவிடாதே, தாராளமாகச் சாப்பிடலாம். சாக்லேட்டில் இருக்கும் கொழுப்பான கோகோ பட்டர் சரியாக உறையாமல் மேலே வந்து நிற்கிறது, அவ்வளவுதான்.

கோகோ பட்டர் ஆறு விதமாக உறையும், அதில் ஐந்தாவதுதான் நமக்கு வேண்டியது. பளபளப்பு, ஒடித்தால் டக்கென்று வரும் சத்தம், 34 டிகிரி வாக்கில் உருகுவதால் வாயில் போட்டதும் கரைவது எல்லாம் அதனால்தான். சும்மா உருக்கி முக்கினால் கண்டபடி உறையும்.

300 கிராம் டார்க் சாக்லேட்டைப் பொடியாக நறுக்கி, 200 கிராமை மட்டும் கிண்ணத்தில் போட்டு, கொதித்து அடங்கிய தண்ணீர்ப் பாத்திரத்தின் மேல் வை. கிண்ணத்தின் அடி தண்ணீரில் படக்கூடாது, ஆவி போதும். 45 டிகிரி வந்ததும் இறக்கி, முதல் வேலையாக அடியில் இருக்கும் ஈரத்தைத் துடைத்துவிடு. ஒரு சொட்டு உள்ளே போனாலும் மொத்தமும் கட்டிதட்டிப் போகும் (அப்படி ஆனால் சூடான பாலை நிறைய ஊற்றிக் குடித்துவிடு, வேறு வழியில்லை). மீதி 100 கிராமைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுக் கிளறிக்கொண்டே இரு. பாலுக்கு உறை ஊற்றுகிற மாதிரிதான், ஏற்கெனவே சரியாக உறைந்த சாக்லேட் மற்றதையும் தன் வழிக்கு இழுத்துவிடும். டார்க் என்றால் 31, 32 டிகிரிக்கும், மில்க் சாக்லேட் என்றால் 29, 30-க்கும் சூடு இறங்கியதும் முக்கலாம். தெர்மாமீட்டர் இல்லாமல் கை வைத்துப் பார்க்கிற வேலையெல்லாம் உனக்கு வேண்டாம்.

கத்தி நுனியை முக்கி வெளியே வை. ஐந்து நிமிடத்தில் ஒட்டாமல் பளபளவென்று காய்ந்தால் சரி, கோடு கோடாகத் தெரிந்தால் இன்னும் இரண்டு துண்டு போட்டுக் கிளறு. பழத்தை முள்கரண்டியால் முக்கி எடுத்து, கிண்ண விளிம்பில் நாலு தட்டுத் தட்டி, அப்புறம் பட்டர் பேப்பரில் வை. தட்டாவிட்டால் அடியில் பாதம் மாதிரி வழிந்து நிற்கும், பார்க்கச் சகிக்காது.

ஊட்டியில் எனக்கு ஊர்க்குளிரே பாதி வேலையைச் செய்துவிடும். சென்னைச் சமையலறையில் அது நடக்காது, ஏசி அறையில் 20 டிகிரி வைத்துச் செய். ஃப்ரிட்ஜிலேயே போட்டு வைக்காதே. வெளியே எடுத்ததும் வேர்த்து, சர்க்கரை கரைந்து, மறுபடியும் வெள்ளை பூக்கும்.

இவ்வளவு பாடு வேண்டாம் என்றால் காம்பவுண்ட் சாக்லேட் வாங்கிக்கொள். பாக்கெட்டின் பின்னால் கோகோ பட்டருக்குப் பதில் தாவர எண்ணெய்க் கொழுப்பு என்று போட்டிருக்கும், உருக்கி அப்படியே முக்கலாம். ருசி ஒரு படி கீழேதான், நாக்கில் பிசுபிசுவென்று நிற்கும். ஆபீஸில் இருபது பேருக்குக் கொடுப்பதற்கு அது போதும், உன் சிநேகிதி வீட்டுக்குக் கொண்டு போவதாக இருந்தால் மட்டும் நிஜ சாக்லேட்டில் செய்.

பழத்தைக் கொட்டை எடுத்து ஈரமில்லாமல் நன்றாக உலரவிட்டு முக்கு. அப்பாவுக்கு டார்க் கசக்கும், வரும்போது மில்க் சாக்லேட்டில் முந்திரி போட்டது கொஞ்சம் எடுத்து வா.

அம்மா