அந்த லைப்ரரியை வெளியிலேயே வை

அன்புள்ள செல்வம்,

உன் மெயில் கிடைத்தது. அப்பாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் பெரிய நிம்மதி. இங்கே எல்லோரும் சுகம். சின்னவளுக்குப் பிளஸ் டூ, அதனால் வீட்டில் டிவி போடுவதே இல்லை. அம்மா உன்னை விசாரித்தாள்.

ஸ்பின்னிங் மில்லுக்கு நீ செய்யும் சிஸ்டத்தைப் பற்றிக் கேட்டிருந்தாய். ப்ரோக்ராம்கள் நெட்வொர்க்கில் ஒன்றுக்கொன்று மெசேஜ் அனுப்ப உதவும் ஜீரோஎம்க்யூ லைப்ரரியை ஒவ்வொரு ப்ரோக்ராமுக்குள்ளும் ஸ்டாட்டிக்காக, அதாவது உள்ளேயே கட்டிச் சேர்த்து அனுப்பிவிடலாமா, இல்லை சர்வரில் எல்லா ப்ரோக்ராமும் பகிரும் ஒரே ஷேர்டு லைப்ரரியாக இருக்கட்டுமா என்று. வேறு லைப்ரரி என்றால் உன் வசதிப்படி செய் என்றிருப்பேன். இதற்கு அப்படிச் சொல்ல மனம் வரவில்லை. நெட்வொர்க்கில் யாரோ அனுப்பும் பைட்டுகளை உன் கோடு பார்ப்பதற்கு முன்பே வாங்கிப் பிரித்துப் படிப்பது இதுதான்.

2019-ல் நடந்ததைப் பார். இதன் மெசேஜில் முதல் பைட் கொடி, அடுத்தது நீளம். சின்ன மெசேஜுக்கு நீளம் ஒரே பைட்டில் முடிந்துவிடும். 255-க்கு மேல் போனால் எட்டு பைட். அந்த எட்டு பைட்டில் அனுப்புகிறவன் எந்த எண்ணை வேண்டுமானாலும் எழுதலாம். 4.2 வெர்ஷனிலிருந்து 4.3.0 வரை, அந்த நீளத்தைப் பாய்ண்டரோடு (மெமரி விலாசத்தோடு) கூட்டித்தான் பஃபருக்குள் (வந்த பைட்டுகளை வைக்கும் மெமரி இடத்துக்குள்) அடங்குமா என்று பார்த்தார்கள். எண் ராட்சதமாக இருந்தால் கூட்டல் நிரம்பி வழிந்து சின்ன விலாசமாகத் திரும்பும். 'அடங்கும்' என்று விடை வரும். அதற்குப் பிறகு வெளியாள் நம் மெமரியில் எழுத வழி திறந்துவிடுகிறது. ஜனவரியில் 4.3.1-ல் அதை அடைத்தார்கள். ஜூலையில் 4.3.2. அது கர்வ் என்ற என்க்ரிப்ஷன் போட்ட சாக்கெட்டில் (இணைப்பு முனையில்) இருந்த ஓட்டைக்கு. சாவி இல்லாதவன்கூட ஸ்டாக் என்ற மெமரிப் பகுதியை உடைக்கலாம் என்ற நிலை.

ஷேர்டு லைப்ரரி வைத்திருந்தவர்கள் ஒரு பேக்கேஜை அப்டேட் செய்தார்கள். உள்ளே சேர்த்துக் கட்டியவர்களோ எந்த ப்ரோக்ராமில் எந்த வெர்ஷன் என்று ஒவ்வொன்றாகத் தேடி, மறுபடி பில்டு செய்து, ஒவ்வொரு இடத்துக்கும் அனுப்ப வேண்டும். உன் மில்லில் பழைய ப்ரோக்ராமை பில்டு செய்த ஆள் வேலையை விட்டே போயிருப்பான்.

அப்டேட் செய்தால் ப்ரோக்ராம் உடைந்துவிடாதா என்று நீ பயப்படுவது நியாயம். ஆனால் 4.1-லிருந்து 4.3.5 வரை லிப்இசட்எம்க்யூவின் (ஜீரோஎம்க்யூவின் லைப்ரரி ஃபைல்) சோநேமில், அதாவது ப்ரோக்ராம் அதைத் தேடும் பெயரில், உள்ள எண் 5-தான், மாறவேயில்லை. 4.1-க்கு பில்டு செய்தது இன்றைக்கும் அப்படியே ஓடும். இது தானாக அமைந்ததல்ல. ஜீரோஎம்க்யூ திட்டத்தை நடத்திய பீட்டர் ஹின்ட்ஜென்ஸ் வகுத்த விதிகளில் ஒன்று, ஒருமுறை வெளியிட்டு மக்கள் நம்பிப் பயன்படுத்தும் எதையும் உடைக்காதே என்பது. யார் பேட்ச் அனுப்பினாலும் இது பொருந்தும். அவர் 2016 அக்டோபர் 4-ல் பெல்ஜியத்தில் புற்றுநோயோடு போய்ச் சேர்ந்தார். அதற்குப் பிறகும் அந்த 5-ஐ மாற்றாமல் காத்து வருகிறவர்கள் மேல் எனக்கு நிஜமான மரியாதை உண்டு. லைசென்ஸுக்காக நான் இதைச் சொல்லவில்லை. 2023-ல் வந்த 4.3.5-லிருந்து எம்பிஎல் 2.0 (மொசில்லா லைசென்ஸ்) தான், ஸ்டாட்டிக்காகச் சேர்ப்பதில் தடையில்லை.

இரண்டு விஷயத்தில் மட்டும் கவனமாயிரு. ஒன்று, பைத்தானில் எழுதிய ரிப்போர்ட் ப்ரோக்ராம். பைத்தான் பேக்கேஜ்களைப் போடும் பிப்பில், ஜீரோஎம்க்யூவைப் பைத்தானில் பயன்படுத்த உதவும் பைஇசட்எம்க்யூவைப் போட்டால் அது பெரும்பாலும் தன் சொந்த லிப்இசட்எம்க்யூவைக் கூடவே கொண்டுவரும். சிஸ்டத்தின் பேக்கேஜ்களை ஏப்ட் மூலம் அப்டேட் செய்வது அதைத் தொடாது. பைஇசட்எம்க்யூவைத் தனியாக அப்டேட் செய்ய வேண்டும்.

இன்னொன்றுதான் பலரும் கோட்டைவிடுவது. ஃபைலை மாற்றியதும் வேலை முடிந்தது என்று நினைத்துவிடுகிறார்கள். லினக்ஸில் பேக்கேஜ் அப்டேட் ஆகும்போது புது ஃபைல் பழைய பெயரில் வந்து உட்காரும். ஓடிக்கொண்டிருக்கும் ப்ராசஸ் பழைய ஃபைலையே மெமரியில் பிடித்துக்கொண்டிருக்கும். போன மாதம் இங்கே ஒரு சர்வரில் கூடப் பணிபுரியும் பையனுக்கு இதைக் காட்டினேன். ஓடும் ப்ராசஸ்களின் விவரங்கள் இருக்கும் ப்ராக்கில், அந்த ப்ராசஸ் மெமரியில் ஏற்றிய ஃபைல்களின் பட்டியலான மேப்ஸைத் திறந்ததும், லிப்இசட்எம்க்யூ வரியின் கடைசியில் 'டெலீட்டட்' என்றிருந்தது. அந்த வார்த்தை இருக்கும்வரை ஓட்டையும் இருக்கிறது. ரீஸ்டார்ட் செய்தால்தான் போகும்.

ரீஸ்டார்ட்டை ஷிப்ட் மாறும் நேரத்தில் வைத்துக்கொள். சப் (மெசேஜ் வாங்கும்) பக்கம் தானே திரும்ப இணைந்து சந்தாவையும் புதுப்பித்துக்கொள்ளும், ஆனால் இடையில் பப் (அனுப்பும் பக்கம்) அனுப்பியது போனதுதான், திரும்ப வராது. ஸ்பிண்டில் வேகத்துக்கு அது பரவாயில்லை, அடுத்த விநாடி புது எண் வந்துவிடும். உற்பத்திக் கணக்குக்கு ஒத்துவராது. அதைப் புஷ்-புல் (ஒரு பக்கம் தள்ள, மறுபக்கம் எடுக்கும்) முறையில் போடு, புஷ் பக்கம் கனெக்ட் செய்யும்படி வை. எதிர்ப்பக்கம் இல்லாத நேரத்தில் டிஃபால்ட்டாக 1000 மெசேஜ் வரை வரிசையில் காத்திருக்கும்.

உன் சர்வரில் எந்த ப்ரோக்ராம் எந்த லிப்இசட்எம்க்யூவை எடுக்கிறது என்று ஒரு லிஸ்ட் எடுத்து அனுப்பு, உட்கார்ந்து பார்க்கிறேன். அப்பாவுக்குச் சொட்டு மருந்து போட மறக்காதே.

அன்புடன்,
ரவி