வக்கீல் இறந்தால் வாதிக்கு யார் சொல்வது?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

வாதி எட்டிப்பார்க்காத பழைய வழக்குகளை நீதிமன்றங்கள் தள்ளுபடி செய்வது சரியே என்று வாசகர் ஒருவர் எழுதியிருந்தார். பாதி சரி. இடைக்காலத் தடை வாங்கிக்கொண்டு, வாய்தா மேல் வாய்தா போட்டே எதிராளியை ஓய்த்துவிடும் ஆட்களை எங்கள் நன்னிலம் பக்கத்திலும் பார்த்திருக்கிறேன். அந்த வழக்குக் கட்டுகளை மூடினால் எனக்கு வருத்தமில்லை.

என் சித்தப்பா கதை வேறு. வயலுக்குத் தண்ணீர் வரும் வாய்க்காலுக்காக வழக்குப் போட்டவர். பல வருஷம் ஒரு வாய்தா விடாமல் பஸ் ஏறிப் போனார். "சாட்சி விசாரணை வர்றப்ப கூப்பிடுறேன், அதுவரை அலையாதீங்க" என்று வக்கீலே சொன்ன பிறகுதான் போவதை நிறுத்தினார். அப்புறம் அந்த வக்கீல் காலமாகிவிட்டார். குமாஸ்தா வேறு ஆபீசுக்குப் போய்விட்டார். வழக்கைக் கூப்பிட்ட அன்று சித்தப்பா சம்பா நடவில் நின்றிருந்தார். தள்ளுபடியானது எங்களுக்குத் தெரிந்ததோ, மறு வருஷம் மேட்டூர் திறந்து குறுவைக்குத் தண்ணீர் வந்தபோது. எதிராளி வாய்க்காலை மண்ணடித்துத் தூர்த்துவிட்டு, உத்தரவு நகலை நீட்டினார்.

எதிராளி வந்திருந்து வாதி வராமல் தள்ளுபடியானால், 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டப்படி அதே காரணத்துக்குப் புது வழக்குப் போட முடியாது. 30 நாளுக்குள் மனுப்போட்டுப் பழைய வழக்கைத்தான் உயிர்ப்பிக்க வேண்டும். நாங்கள் போனபோது எட்டு மாதம் ஆகியிருந்தது. தாமதத்தை மன்னிக்க ஒரு மனு, வழக்கை மறுபடி கோப்பில் எடுக்க இன்னொரு மனு. இப்போது அவற்றுக்கும் வாய்தா ஓடுகிறது!

கட்சிக்காரர் இறந்தால் நீதிமன்றத்துக்குத் தெரிவிக்க வேண்டியது வக்கீலின் கடமை என்கிறது சட்டம். வக்கீல் இறந்தால் வக்காலத்து, அதாவது நம் சார்பில் வழக்கு நடத்த அவருக்கு எழுதிக் கொடுத்த அதிகாரம், முடிந்துபோகிறது என்றும் சொல்கிறது. அதை வாதியிடம் வந்து சொல்லத்தான் ஆளில்லை. இணையத்தில் வழக்குக்குரிய, எழுத்தும் எண்ணும் கலந்த 16 இலக்க எண்ணைப் போட்டுப் பார்த்திருக்கலாமே என்பார்கள். அந்த எண் வக்கீல் ஆபீசில் கிடந்த வழக்குக் கட்டுக்குள் இருந்தது. குறுஞ்செய்திக்கென்று பதிவாகியிருந்ததும் மறைந்தவரின் கைபேசி எண்தான். (வாதியே இறந்தால் 90 நாளுக்குள் வாரிசுகளைச் சேர்க்க வேண்டும். கருமாதி முடிந்த கையோடு சிங்கப்பூருக்கு விமானம் ஏறிய பிள்ளைக்கு அது எங்கே தெரியப்போகிறது?)

பிரதிவாதிக்குச் சம்மன் கொடுக்க நீதிமன்ற ஊழியரான அமீனா வீடு தேடி வருகிறார், ஆள் இல்லையென்றால் கதவில் ஒட்டிவிட்டும் போகிறார். பழைய வழக்கைத் தள்ளுமுன் வாதியின் வீட்டுக்கும் அப்படித் தமிழில் ஓர் அறிவிப்பு வந்தால் போதும். அமீனாவுக்கு வேலைப்பளு என்றால் வட்ட சட்டப் பணிகள் குழுவின் தன்னார்வலர்கள் இருக்கிறார்கள். நடவு, அறுவடை நாள் பார்த்துக் கொஞ்சம் தள்ளி வாய்தா கொடுத்தால் இன்னும் நல்லது. அறிவிப்பைக் கையெழுத்துப் போட்டு வாங்கிய பிறகும் வராதவர் வழக்கைத் தாராளமாகத் தள்ளட்டும்.

இப்படிக்கு,
ஒரு விவசாயி,
நன்னிலம் வட்டம், திருவாரூர் மாவட்டம்.