முதியோர் இல்லங்களில் குளிசை கொடுக்கும் முறை

ஆசிரியர் அவர்களுக்கு,

மட்டக்களப்பு, அம்பாறை மாவட்ட முதியோர் இல்லங்களின் நிர்வாகிகள் கவனத்துக்கு:

கிளினிக்கில் கடதாசி உறைகளில் தரும் குளிசைகளை இடம் மிச்சம் என்று ஒரே போத்தலில் கொட்டக்கூடாது. பெயரும் அளவும் உறையில்தான் இருக்கின்றன. வெள்ளை வட்டக் குளிசைகளைப் பார்வையால் பிரிக்க யாராலும் முடியாது.

இதைவிட ஆபத்து, ஒரே மருந்து இரு பெயர்களில் உள்ளே போவது. ஆஸ்பத்திரி உறையில் கிளிக்கிளசைட், பிள்ளைகள் பாமசியில் வாங்கித் தந்த பெட்டியில் டயமைக்ரோன். இரண்டும் ஒரே நீரிழிவு மருந்துதான். இரண்டையும் கொடுத்தால் சீனி இறங்கி, வியர்த்து, பேச்சுக் குழறும்; வயதானவர் அயர்ந்து தூங்குகிறார் என்று விட்டுவிடுவார்கள். ஆகவே கிளினிக்குக்குக் கொப்பியோடு, கடையில் வாங்கியவை, நாட்டு மருந்து உட்பட எல்லாவற்றையும் ஒரே பையில் கொண்டுபோங்கள்.

விழுங்கக் கஷ்டமென்று எதையும் கேளாமல் இடிக்க வேண்டாம். எஸ்.ஆர். (மெல்லக் கரையும் வகை) என்றிருக்கும் பிரஷர் குளிசையான நிபெடிபினை இடித்தால், மெல்ல மெல்லக் கரையவேண்டியது ஒரேயடியாகக் கலந்து பிரஷர் சடுதியாக விழும்.

தைரொயிட் குறைபாட்டுக்கான தைரொக்சின் வெறும் வயிற்றில், தண்ணீருடன். பால் தேத்தண்ணி குறைந்தது அரை மணித்தியாலம் கழித்தே. கல்சியத்துக்கு 4 மணித்தியால இடைவெளி தேவை. மூட்டுவாதத்துக்கான மெதோட்ரெக்சேட் கிழமைக்கு ஒருநாள் மட்டும். தினமும் கொடுத்தால் உயிராபத்து.

ஆளுக்கொரு பதிவுத்தாள் வையுங்கள். விழுங்கியதைக் கண்ட பிறகே ஒப்பம். காலையிலேயே இரவு வேளைக்கும் சேர்த்து ஒப்பமிடுவது வெறும் ஏமாற்று.

முதியோர் பராமரிப்பாளர்கள்,
களுவாஞ்சிக்குடி