மடி கொடுத்த மாமனுக்கும் மேட்டு லயத்துக்கும்

நம் தேயிலைத் தோட்டத்தின் வரிசை வீடுகளான மேட்டு லயத்து உறவுகளுக்கு வணக்கம்.

போன ஞாயிறு எங்கள் மகனுக்கு மாரியம்மன் கோயிலில் மொட்டை போட்டுக் காது குத்தினோம். வீடு வீடாக வந்து நன்றி சொல்வதற்குள் பாதிப் பேர் காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டுக்குப் போய்விட்டீர்கள், மீதிப் பேர் கொழும்புக்கு பஸ் ஏறிவிட்டீர்கள், அதனால்தான் இந்த மடல்.

எனக்குக் கூடப்பிறந்த ஆண்பிள்ளை இல்லை. தாய்மாமன் முறைக்கு இருப்பது பெரியம்மா மகன் ஒருவர்தான், அவரோ இந்தியாவில், நீலகிரிக் கூடலூரில். தோட்ட மக்களை இலங்கைக்கும் இந்தியாவுக்கும் பங்கு பிரித்த 1964 சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தில் இந்தியாவுக்கென்று ஒதுக்கிய 5,25,000 பேர் கணக்கில் பெரியம்மா வீடும் விழுந்தது. தலைமன்னாரில் கப்பலேறிப் போய், அங்கேயும் தமிழ்நாடு அரசின் டான்டீ தேயிலைத் தோட்டத்தில் கொழுந்துதான் பறித்தார்கள். அண்ணன் வருவதாகத்தான் இருந்தது, ஆனால் கடைசி வாரம் வரை பாஸ்போர்ட் கைக்கு வரவில்லை. மாமன் மடி இல்லாமல் என்ன காதுகுத்து என்று அம்மா அழுத அழுகையில், சரி தள்ளிப்போடுவோம் என்றே முடிவு செய்துவிட்டேன்.

அப்போதுதான் லயத்துக் கடைசி வீடான தொங்கல் காம்பிரா அண்ணன், "ஏன், நான் மாமன் இல்லையா?" என்றார். பேருக்கு உட்கார்ந்து எழும்பவில்லை அவர். வேட்டி, சட்டை, தேங்காய், பழம் என்று தாம்பாளம் நிரப்பி, தப்படித்துக்கொண்டு லயத்து வாசலிலிருந்து கோயில்வரை சீர் கொண்டுவந்தார். தோடும் அவர் வாங்கியதுதான், அந்த மாதச் சம்பளத்தில் என்ன மிஞ்சியிருக்கும் என்று எனக்குத் தெரியாதா? ஊசி பட்டதும் மகன் அவர் கட்டைவிரலைக் கடித்துவிட்டான். விரலை இழுக்காமல், "கடி மருமகனே, நல்லாக் கடி" என்று சிரித்துக்கொண்டே இருந்தார்.

சனிக்கிழமைப் பேரை, அந்த நாள் சம்பளத்தை, விட்டுவிட்டு வந்து சமைத்த அக்காமாரே, மழையில் விறகுக்கு வைத்த தேயிலைக் குச்சி மிலாறு முழுக்க நனைந்து அடுப்பு புகைந்தபோது ஆளுக்கொரு கட்டு காய்ந்த விறகை உங்கள் வீட்டுப் பரணிலிருந்து இறக்கித் தந்தீர்களே, அதை மறக்க மாட்டேன். சாம்பாரில் புகைவாசம் இருந்தது உண்மைதான், யாரும் வாய் திறக்காததற்கும் நன்றி.

அப்புறம் படம் பிடித்த தம்பி. கோயிலடியில் சிக்னல் இல்லை, கொழுந்து நிறுக்கும் மடுவத்து மேட்டில்தான் இரண்டு கோடு வரும். ஒவ்வொன்றாக எடுத்து அங்கே ஓடி ஓடிக் கூடலூருக்கு அனுப்பியதில் மூன்று தடவை வழுக்கி விழுந்தான்.

கூடலூர் அண்ணன் ராத்திரியே பதில் போட்டிருந்தார்: "அடுத்த பிள்ளைக்கு என் மடிதான், தொங்கல் காம்பிராக்காரரிடம் சொல்லிவை."