மான்செஸ்டரிலிருந்து அம்மாவுக்கு

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் நலம். உன் தோள்வலி தேவலையா? போனில் கேட்டால் "எனக்கென்னடி" என்று பேச்சை மாற்றிவிடுகிறாய். அதனால்தான் எழுதுகிறேன்.

இங்கே இப்போது நாலு மணிக்கே இருட்டிவிடுகிறது. நான் வேலை பார்க்கிற முதியோர் இல்லத்துப் பாட்டிகளுக்கு டீயும் மாத்திரையும் கொடுத்து முடித்தால் எல்லோரும் டிவி முன்னால்தான். அடிக்கடி 'தி ராயில் ஃபேமிலி' என்ற பழைய தொடரைப் போடச் சொல்வார்கள். ராஜ குடும்பம் என்று நினைத்துவிடாதே, ராயில் என்பது அவர்கள் குடும்பப் பெயர். இந்த மான்செஸ்டரில் ஒரு குடும்பம் சோபாவில் சாய்ந்து டிவி பார்க்கும், அதை நாம் பார்க்க வேண்டும். அவ்வளவுதான் கதை! இந்த ஊர்ப் பேச்சு எனக்குப் பிடிபட்டதே அதனால்தான்.

அதில் பாட்டியை 'நானா' என்கிறார்கள். நாகூரில் அண்ணனைத்தானே நானா என்பார்கள், முதல் நாள் எனக்கு ஒரே குழப்பம். மருமகனை எரிச்சல்படுத்திக்கொண்டு, ஒன்றும் தெரியாதவள் மாதிரி காரியம் சாதிக்கிற கிழவி. நம் பெரியத்தையேதான்!

நடித்தவர் பெயர் லிஸ் ஸ்மித். அம்மா சின்ன வயதிலேயே போய், அப்பாவும் விட்டுவிட்டுப் போக, பாட்டியிடம் வளர்ந்தவர். போர்க்காலத்தில் கடற்படைப் பெண்கள் பிரிவில் சேர்ந்து நம் இந்தியாவுக்கும் வந்திருக்கிறார். அப்புறம் கல்யாணம், இரண்டு பிள்ளைகள், விவாகரத்து. கிடைத்த வேலையைச் செய்துகொண்டே நடிப்பையும் விடாமல் இருந்திருக்கிறார். லண்டனில் ஹாம்லீஸ் பொம்மைக் கடையில் விற்பனைக்கு நின்றுகொண்டிருந்தபோதுதான் மைக் லீ என்ற இயக்குநரிடமிருந்து படத்தில் நடிக்க அழைப்பு வந்ததாம். 1971-இல் அந்தப் படம் வெளிவந்தபோது வயது ஐம்பதை நெருங்கிவிட்டது. இதைக் கேட்டதும் என் 47 வயது ஞாபகம் வந்தது. வேறென்ன!

அதற்குப் பிறகு பெரும்பாலும் அம்மா வேஷம், பாட்டி வேஷம். ரேஷன் காலத்தில் வீட்டுக்குள் பன்றியை ஒளித்து வைக்கிற, 1984-இல் வந்த ஒரு படத்துக்கு, துணை நடிகைக்கான பாஃப்டா என்ற இந்த நாட்டுத் திரைப்பட விருது. பேரன் பார்த்த சாக்லேட் ஃபேக்டரி படத்தில் ஒரே கட்டிலில் நாலு கிழங்கள் படுத்திருக்குமே, அதில் ஒருவர் இவர்தான். 2016-இல், கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள், 95 வயதில் போய்விட்டார்.

நேற்று அந்தத் தொடரில் நானா சாகிற பகுதியைப் போட்டார்கள். 2006-இல் வந்தது. ஹாலிலேயே கட்டில் போட்டுப் படுக்க வைத்திருக்கிறார்கள். மகள் பக்கத்தில் உட்கார்ந்து அந்தக் கொஞ்சநஞ்ச முடியைச் சீவிவிடுகிறாள். அத்தனை நேரம் சிரித்த பாட்டிகள் கப்பென்று அடங்கிவிட்டார்கள். தினமும் ஏழெட்டுப் பேருக்குத் தலை வாருகிற எனக்கே கையில் இருந்த சீப்பைப் பார்க்க முடியவில்லை.

தோளைத் தூக்க முடியாதே, இப்போது உனக்குத் தலை வாரிவிடுவது யார்? பக்கத்து வீட்டுச் செல்வியைக் கூப்பிட்டுக்கொள். எண்ணெய் வைத்து, பின்னல் போட்டதும் ஒரு போட்டோ எடுத்து அனுப்பச் சொல்.

அன்புடன்,
உன் மகள்