ஏழு கையெழுத்து போதாது, கயல்

அன்பு மகள் கயலுக்கு,

அப்பா எழுதுவது. உன் ஆலையில் தொழிற்சங்கம் பதிய எத்தனை பேர் கையெழுத்து வேண்டும் என்று போனில் கேட்டாய். ஏழு என்று சொல்லி வைத்துவிட்டேன். சட்டப்படி அது சரிதான். ஆனால் ஏழை மட்டும் நம்பி இறங்கினால் பாதி வழியில் மாட்டிக்கொள்வாய். அதனால்தான் விவரமாக எழுதுகிறேன்.

விண்ணப்பத்தில் ஏழு பேர் கையெழுத்திட வேண்டும். அதோடு, விண்ணப்பிக்கும் நாளில் மொத்தத் தொழிலாளர்களில் 10 சதவீதம் பேரோ 100 பேரோ, இரண்டில் எது குறைவோ அத்தனை பேர் உறுப்பினராக இருக்க வேண்டும். 640 பேர் வேலை செய்யும் ஆலையில் 64 பேர். 1,800 பேர் இருந்தால் 180 தேவையில்லை, 100 போதும். பதிவான பிறகும் எண்ணிக்கை இதற்குக் கீழே இறங்கக் கூடாது. விண்ணப்பம் கொடுத்த மறுநாளே கையெழுத்திட்டவர்களை ஒவ்வொருவராக எச்.ஆர். அறைக்குக் கூப்பிடுவார்கள். விண்ணப்பதாரர்களில் பாதிக்கு மேல் பின்வாங்கினால்தான் விண்ணப்பம் செல்லாமல் போகும். ஏழு பேரில் மூன்று பேர் போனால் தாங்கும், நான்கு பேர் போனால் கதை முடிந்தது. ஆகவே ஏழுக்குப் பதில் பதினைந்து பேரைக் கையெழுத்திடச் சொல். 64 வேண்டிய இடத்தில் 200 பேரைச் சேர்த்துக்கொண்டு போ.

பெயரிலும் கவனமாக இரு. ஸ்ரீபெரும்புதூர் சாம்சங் ஆலையில் 2024 செப்டம்பர் 9 அன்று தொடங்கி 37 நாள் வேலைநிறுத்தம் நடந்ததே, அதில் முக்கியக் கோரிக்கை சங்கத்தைப் பதிவு செய் என்பதுதான். கம்பெனி பெயரைச் சங்கத்தின் பெயரில் வைக்கக் கூடாது என்று நிர்வாகம் ஆட்சேபித்தது. உயர் நீதிமன்றம் வரை போய், 2025 ஜனவரியில்தான் பதிவு கிடைத்தது. அவர்கள் வென்றார்கள் என்பதால் உனக்கும் சிக்கல் வராது என்று நினைக்காதே. கம்பெனி பெயர் வேண்டுமா என்பதை முதல் கூட்டத்திலேயே பேசி முடிவெடுத்து, தீர்மானமாக எழுதி வை.

பதியாமலே ஒற்றுமையாக இருந்தால் என்ன என்று உன் தோழி கேட்டதாகச் சொன்னாய். அவளுக்குப் பெரம்பூர் கதையைச் சொல். 1918 ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானது. பி.பி. வாடியா தலைவர், திரு.வி.க., செல்வபதி செட்டியார், இராமானுஜுலு நாயுடு ஆகியோர் கூட நின்றார்கள். பெரம்பூரில் இருந்த பக்கிங்காம், கர்னாடிக் துணி ஆலைகளில் அப்போது நாளுக்குப் பன்னிரண்டு மணி நேர வேலை. 1920 கடைசியில் நிர்வாகமே ஆலையை மூடிக் கதவடைப்பு செய்தபோது, தொழிலாளர்களை ஒப்பந்தத்தை மீறத் தூண்டினார்கள் என்று சொல்லி நிர்வாகம் தலைவர்கள் மேல் நஷ்டஈட்டு வழக்குப் போட்டது. சென்னை உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடையும் கொடுத்தது. வாடியா சங்கத்தை விட்டு விலகுவது என்று சமரசமான பிறகுதான் வழக்குக் கைவிடப்பட்டது. வேலைநிறுத்தம் செய் என்று ஒருவர் மேடையில் பேசினாலே அவர் சொத்தை ஜப்தி செய்ய வழி இருந்த காலம் அது.

இதைக் கண்டுதான் தொழிற்சங்கத் தலைவர் என்.எம். ஜோஷி 1921-ல் மத்திய சட்டசபையில் தொழிற்சங்கச் சட்டம் வேண்டும் என்று தீர்மானம் கொண்டுவந்தார். ஐந்து ஆண்டு இழுத்து 1926-ல் சட்டம் வந்தது. 1927 ஜூன் 1 முதல் நடைமுறை. அதன் 17-ம் பிரிவு கிரிமினல் சதி வழக்கிலிருந்தும், 18-ம் பிரிவு சிவில் வழக்கிலிருந்தும் காப்பு கொடுத்தன. இரண்டும் பதிவு செய்த சங்கத்துக்கு மட்டும். 2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம், 2020 வந்திருக்கிறது. அந்தக் காப்பு அதிலும் தொடர்கிறது. ஆனால் அடிதடி, மிரட்டல், ஆளை அறைக்குள் அடைத்து வைப்பது எதற்கும் இந்தக் குடை விரியாது. கெரோவுக்கு, அதாவது அதிகாரிகளைச் சுற்றி வளைத்து வெளியே விடாமல் வைப்பதற்கு, காப்பு இல்லை என்று கல்கத்தா உயர் நீதிமன்றம் 1960-களிலேயே சொல்லிவிட்டது.

இனி ரசீதுப் புத்தகம். எல்லாரும் கொடி, பேனர், வாயிற்கூட்டம் என்று தொடங்குவார்கள். நீ அச்சகத்தில் இருந்து தொடங்கு. ஒவ்வொரு ரசீதுக்கும் அடிக்கட்டை இருக்க வேண்டும். இரண்டிலும் ஒரே வரிசை எண் அச்சில் வர வேண்டும், கையால் எழுதக் கூடாது. பெயர், டோக்கன் எண், பிரிவு, எந்த மாதத்துச் சந்தா, தொகை, வாங்கியவர் கையெழுத்து, தேதி என்று அத்தனையும் நிரப்பு. "லைன் 3, இருபது பேர், 1,000 ரூபாய்" என்று மொத்தமாக ஒரு ரசீது போடும் பழக்கம் எல்லா ஆலையிலும் உண்டு. அந்த இருபது பேர் யார் என்று ஒரு வருடம் கழித்துக் கேட்டால் யாராலும் சொல்ல முடியாது. 51 சதவீதம் பேர் உங்கள் பக்கம் இருந்தால் நீங்கள்தான் பேச்சுவார்த்தை நடத்தும் ஒரே சங்கம். யாருக்கும் 51 இல்லையென்றால், 20 சதவீதத்துக்குக் குறையாமல் வைத்திருக்கும் சங்கங்கள் சேர்ந்து ஒரு குழுவாகத்தான் பேச முடியும். அந்த எண்ணிக்கையில் தகராறு வந்தால் காட்ட உன்னிடம் இருப்பது அடிக்கட்டைதான். தப்பாகப் போன ரசீதைக் கிழித்து எறியாதே. குறுக்கே கோடு போட்டு "ரத்து" என்று எழுதி, மூலத்தையும் புத்தகத்திலேயே ஒட்டி வை. ஒரு எண் காணாமல் போனாலும் ஆடிட்டர் கேட்பார். அதற்கு முன்னால் பொறாமைக்காரன் கேட்பான்.

சம்பளத்திலேயே சந்தாவைப் பிடித்துக் கொடுக்கிறோம் என்று நிர்வாகம் ஒரு கட்டத்தில் சொல்லலாம். எழுத்துப்பூர்வ ஒப்புதல் இருந்தால் சட்டம் அனுமதிக்கிறது, அலைச்சலும் மிச்சம். ஆனால் முழு உறுப்பினர் பட்டியலும் அன்றே அவர்கள் கைக்குப் போய்விடும். பேச்சுவார்த்தைச் சங்கமாக அங்கீகாரம் கிடைக்கும் வரை கையால் வாங்குவதே நல்லது. அந்தச் சாக்கில் மாதம் ஒரு முறை ஒவ்வொருவரிடமும் இரண்டு நிமிடம் பேசலாமே.

சங்க நிர்வாகிகளில், ஆலையில் வேலை செய்யாத வெளியாட்கள் மூன்றில் ஒரு பங்குக்கோ ஐந்து பேருக்கோ, எது குறைவோ அதற்கு மேல் இருக்கக் கூடாது. ஒன்பது பேர் குழுவில் மூன்று வெளியாள். இருபத்தொரு பேர் குழுவில் ஏழு அல்ல, ஐந்துதான். வெளியாளே வேண்டாம் என்று உன் ஆட்கள் வீறாப்பாகச் சொல்வார்கள். வாடியாவும் திரு.வி.க.வும் ஆலையில் வேலை பார்த்தவர்கள் அல்ல, பத்திரிகைக்காரர்கள். வேலையை விட்டு நிறுத்த முடியாத ஒரு வாய் சங்கத்துக்குத் தேவை. ஒன்றிரண்டு பேரை வைத்துக்கொள். பொருளாளர் மட்டும் உள்ளாளாக இருக்கட்டும்.

இப்போது சொல்லப்போவது சட்டத்தில் இல்லை. ஆனாலும் இதைத்தான் நீ மிகக் கவனமாகப் படிக்க வேண்டும். 1921-ல் அதே பெரம்பூர் ஆலைகளில் மே மாதம் கர்னாடிக் ஆலையில் பிரச்சினை கிளம்பி, ஜூன் 20 அன்று பக்கிங்காம் ஆலைக்காரர்களும் வெளியே வந்தார்கள். ஆதிதிராவிடத் தொழிலாளர்களில் பெரும்பகுதியினர் வேலைக்குத் திரும்பினார்கள். முந்தைய ஆண்டுக் கதவடைப்பின் பட்டினி அவர்கள் வீட்டைத்தான் அதிகம் தின்றிருந்தது. அவர்கள் பக்கத்தை ஆதிதிராவிடர் தலைவர் எம்.சி. ராஜா பேசினார், அரசின் தொழிலாளர் துறையும் ஆதரவு கொடுத்தது. ஆலைச் சண்டை சாதிச் சண்டையாகி, புளியந்தோப்பில் குடிசைகள் எரிந்தன. ஆகஸ்ட் 29 அன்று போலீஸ் சுட்டதில் உயிர்கள் போயின. அக்டோபரில் வேலைநிறுத்தம் தோற்று முடிந்தது. திரும்பிப் போனவர்களைக் கருங்காலிகள் என்று எழுதிவிட்டு நகர்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. யாருக்குக் கடன் கொடுக்க ஆளில்லையோ, யார் வீடு முதலில் எரியுமோ, அவர்களைக் கலந்து பேசாமல் எடுத்த முடிவு அவர்களைக் கட்டுப்படுத்தும் என்று எதிர்பார்த்ததுதான் முதல் பிசகு.

உன் ஆலையில் இது வேறு உருவத்தில் இருக்கிறது. நிரந்தரம், கான்ட்ராக்ட், டிரெய்னி, ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் வந்தவர்கள், விடுதியில் இருக்கும் பெண்கள் எல்லாரும் ஒரே லைனில் நிற்கிறீர்கள். குழுவில் ஒவ்வொரு வகைக்கும் இடம் வை. துண்டறிக்கை இந்தியிலும் போகட்டும். ஒரு சாதிக்கு உரிய மண்டபத்தில் கூட்டம் போடாதே, இலவசமாகக் கொடுத்தாலும். விடுதி கேட் மூடும் நேரத்தைப் பார்த்துக் கூட்ட நேரத்தை வை. 2021 டிசம்பரில் ஃபாக்ஸ்கான் ஆலைப் பெண்கள் விடுதியில் சாப்பாடு கெட்டு நூற்றைம்பதுக்கும் மேற்பட்ட பெண்கள் மருத்துவமனைக்குப் போனபோது, மற்றவர்கள் நெடுஞ்சாலையில் வந்து உட்கார வேண்டியிருந்தது. புகாரைக் கொண்டுபோய்ச் சேர்க்க ஆள் இருந்திருந்தால் பாதி ராத்திரியில் ரோட்டுக்கு வந்திருக்க மாட்டார்கள் என்பது என் எண்ணம்.

கோரிக்கைப் பட்டியல். முப்பது கோரிக்கை எழுதினால் நிர்வாகம் சுலபமான எட்டைக் கொடுத்து முடித்துவிடும். 1908 பிப்ரவரி 27 அன்று தூத்துக்குடி கோரல் ஆலையில் வ.உ.சி.யும் சுப்பிரமணிய சிவாவும் முன்னின்ற வேலைநிறுத்தம் கூலி, வேலை நேரம், ஞாயிறு விடுமுறை என்று விரல்விட்டு எண்ணும்படி இருந்தது. ஊரே பின்னால் நின்றது. நிர்வாகத்துக்கு ஆதரவானவர்களுக்கு நாவிதர்கள் சவரம் செய்ய மறுத்தார்கள். பத்து நாளுக்குள் முடிந்தது. பெரம்பூரில் முதலில் கேட்டதும் சின்ன விஷயம்தான்: அரை மணி உணவு இடைவேளையை நாற்பது நிமிடம் ஆக்கு. அந்தப் பத்து நிமிடம் கிடைத்தபோதுதான் சங்கத்தால் ஏதோ நடக்கும் என்ற நம்பிக்கை வந்தது.

"சாப்பாட்டு நேரம் போதவில்லை" என்று எழுதாதே. ஒரு வாரம் கையில் கடிகாரத்தோடு அளந்துவிட்டு எழுது: "இரண்டாம் ஷிப்ட் இடைவேளை 30 நிமிடம். லைனிலிருந்து கேன்டீனுக்கு நடக்க 6, தட்டுக்கு வரிசை 11, திரும்ப 6. சாப்பிட மிஞ்சுவது 7 நிமிடம். 45 நிமிடம் வேண்டும்." சட்டம் சொல்லும் குறைந்தபட்சம் அரை மணிதான் என்று பதில் வரும். ஏழு நிமிடத்தை அவர்களால் மறுக்க முடியாது.

வேலைநிறுத்தம் கடைசி. முன்பு ரயில், மின்சாரம், தண்ணீர் போன்ற பொதுப் பயன்பாட்டுச் சேவைகளுக்கு மட்டும் இருந்த 14 நாள் நோட்டீஸ் இப்போது எல்லா ஆலைக்கும். நோட்டீஸ் கொடுத்த 14 நாளுக்குள் நிறுத்தம் கூடாது. 60 நாள் தாண்டினால் அந்த நோட்டீஸ் செத்துவிடும். இடையில் தொழிலாளர் துறையின் சமரச அதிகாரி முதல் கூட்டத்தைக் கூட்டிவிட்டால், பேச்சு நடக்கும் காலம் முழுவதும், முடிந்து ஏழு நாளும் நிறுத்தம் சட்டவிரோதம். கணக்குப் போட்டுப் பார், சட்டப்படி நிறுத்தம் செய்யக் கிடைக்கும் இடைவெளி ஊசிமுனை அளவுதான். எனக்கு இதில் கோபம் உண்டு. ஆனால் தேதியைக் கோபத்தால் மாற்ற முடியாது. எல்லாரும் ஒரே நாளில் தற்செயல் விடுப்புப் போடுவோம் என்று ஒரு புத்திசாலி கட்டாயம் சொல்வான். பாதிப் பேர் சேர்ந்து எடுத்தால் அதுவும் வேலைநிறுத்தம் என்றே இப்போது எழுதி வைத்திருக்கிறார்கள். பத்துப் பேரோ அதற்கு மேலோ சொல்லாமல் கொள்ளாமல் சேர்ந்து வராமல் இருந்தால் எட்டு நாள் சம்பளம் வரை பிடிக்கலாம். ஒரு நாள் கோபத்துக்கு எட்டு நாள் கூலி. சட்டவிரோத நிறுத்தத்தைத் தூண்டியவருக்கு 10,000 முதல் 50,000 ரூபாய் வரை அபராதமோ, ஒரு மாதம் வரை சிறையோ, இரண்டுமோ கிடைக்கலாம். வாட்ஸ்அப் குழுவில் "நாளை யாரும் போகாதீங்க" என்று நள்ளிரவில் ஒருவர் போடும் ஒரு வரி அதற்குச் சாட்சியாகிவிடும். குழுவில் அறிவிப்பு போடும் உரிமை இரண்டு பேருக்கு மட்டும் இருக்கட்டும்.

பதிவு வந்த உடனே "பாதுகாக்கப்பட்ட தொழிலாளர்" பட்டியல் கொடுத்துவிடு. மொத்தத்தில் ஒரு சதவீதம், குறைந்தது ஐந்து பேர், அதிகம் நூறு பேர். தகராறு நிலுவையில் இருக்கும்போது இவர்களை அனுமதி வாங்காமல் வேலையை விட்டு நீக்க முடியாது. சங்க நிர்வாகிகளைத்தான் இதில் போட முடியும்; அவர்களில் யார் அதிகம் பேசுகிறார்களோ அவர்கள் பெயரைப் போடு. வயதில் மூத்தவர் என்பதற்காக மரியாதைக்கு ஒரு பெயர் போட்டு இடத்தை வீணாக்காதே. "சூப்பர்வைசர்" என்று பட்டம் கொடுத்துச் சிலரைப் பிரிக்கப் பார்ப்பார்கள். பட்டத்தை வைத்து அல்ல, அவர் செய்யும் வேலையை வைத்துத்தான் முடிவு.

2023 ஏப்ரல் 21 அன்று பன்னிரண்டு மணி நேர வேலைக்கு வழி செய்யும் மசோதா நம் சட்டமன்றத்தில் நிறைவேறி, எதிர்ப்பால் மே தினத்தன்று திரும்பப் பெறப்பட்டது உனக்கு ஞாபகம் இருக்கும். ஒரு நாள் வேலை பன்னிரண்டு மணியிலிருந்து 1922-ல் பதினொன்று, 1934-ல் பத்து, 1948-ல் ஒன்பது என்று இறங்கியது பத்தே நாளில் பழைய இடத்துக்குப் போய்வரப் பார்த்தது. ஷிப்ட் நேரம் பற்றிய சுற்றறிக்கை எது வந்தாலும் தேதியோடு ஒரு நகல் எடுத்து வை.

சங்க விதிகளின் வரைவை ஞாயிற்றுக்கிழமைக்குள் அனுப்பு. சந்தா, தேர்தல், தணிக்கை எல்லாம் எழுதியிருப்பாய். சங்கத்தை எப்படிக் கலைப்பது என்ற பிரிவைப் புதிதாகத் தொடங்குகிறவர்கள் கெட்ட சகுனம் என்று விட்டுவிடுவார்கள். அது இல்லாமல் பதிவு கிடைக்காது. எந்தப் படிவம் என்று தொழிலாளர் துறை அலுவலகத்தில் நேரில் கேட்டு வாங்கு. இணையத்தில் இன்னும் பழையது சுற்றிக்கொண்டிருக்கிறது.

அம்மா இட்லிப் பொடி கட்டி வைத்திருக்கிறாள், தம்பி வரும்போது கொடுத்து அனுப்புகிறேன்.

அன்புடன்,
அப்பா